எந்தப் படத்திலும் இல்லாதது

"எழுதிக்கோ," என்றாள் ரெனாட்டா ஹூடாக். "ஆனா இந்த ஊர்ல ஒருத்தராலயும் படிக்க முடியாத பாஷையில எழுது."

அது சுலபம். மொனெசன் என்கிற இந்த அமெரிக்கச் சிற்றூரில் எனக்குத் தெரிந்து தமிழ் படிக்கத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். ஆற்றங்கரை ஆலை மூடியபின் ஊரில் பாதிப் பேர் கிளம்பிப் போய்விட்டார்கள். எல்லாரும் விட்டுப் போகிற ஊருக்கு வந்து சேர்ந்தவள் நான். ரெனாட்டா வீட்டு மாடியில் குடியிருக்கிறேன். மருத்துவமனை ஆய்வகத்தில் வேலை.

குடிவந்த மூன்றாம் நாள் மத்தியானம், கீழே நிலவறையிலிருந்து ஒரு பெண் மூச்சுத் திணறுகிற சத்தம் கேட்டது. முதலில் இருமல் என்று நினைத்தேன். அப்புறம் "வேண்டாம், வேண்டாம்" என்று கெஞ்சல். போலீஸைக் கூப்பிடலாம். ஆனால் வருகிற போலீஸ் முதலில் என் காகிதங்களைக் கேட்டால்? விசா புதுப்பிக்க அனுப்பிய அவை இன்னும் திரும்பி வராத நேரம் அது. தோசைத் திருப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு படியிறங்கினேன்.

நிலவறையில் ரெனாட்டா தோளில் வீடியோ கேமராவை வைத்துக்கொண்டு, தானே தன் காலைப் படம் பிடித்தபடி மூச்சு வாங்கிக்கொண்டிருந்தாள். வீட்டைச் சூடாக்குகிற உலைக்குப் பின்னால் ஒரு குண்டு மனிதர் குந்தியிருந்து சாண்ட்விச் தின்றுகொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் வாயில் இருந்ததை விழுங்கிவிட்டுக் கத்தினார்.

"ரெனாட்டா! அவ மூஞ்சியைப் பாரு! கேமராவை அந்தப் பக்கம் திருப்பு, சீக்கிரம்! அந்தப் பயத்தைக் காசு குடுத்தாலும் வாங்க முடியாது!"

அவர்தான் லென்னி டிசால்வோ. கடைத்தெருவில் வீடியோ வாடகைக் கடை வைத்திருந்தவர். முன்பக்கம் ஊருக்கான படங்கள். பின்பக்கம், திரைச்சீலைக்கு அந்தப்பக்கம், அவரே எடுத்த படங்கள். அந்தப் படங்கள் எந்தத் திரையரங்குக்கும் போனதில்லை. கேசட்டிலிருந்து கேசட்டுக்குப் பிரதி எடுத்து, கையிலிருந்து கைக்குப் போகும். யாரோ காணாமல் போய்விட்டார்கள், அவர்கள் விட்டுப்போன கேமராவில் இது இருந்தது, பாருங்கள் என்பதுதான் எல்லாப் படங்களின் கதையும். எட்டுப் படங்களில் காணாமல் போனவள் ரெனாட்டா.

பகலில் அவள் பள்ளிக்கூடச் சமையலறையில் பிள்ளைகளுக்கு மதிய உணவு பரிமாறுகிறவள். தலையில் வலை, கையில் கரண்டி. சனிக்கிழமைகளில் செத்துப்போவாள்.

நடிகை என்றால் முகம் தெரிய வேண்டும் என்று நாம் நினைக்கிறோம். இந்தத் தொழிலில் அது தலைகீழ். கேமராவைப் பிடித்திருப்பவளே நடிகை என்பதால், படம் முழுக்க அவள் கை தெரியும், செருப்பு தெரியும், கண்ணாடியில் ஒரு தரம் தோள் தெரியும். மற்றதெல்லாம் மூச்சு. பயந்த மூச்சு, ஓடிய மூச்சு, ஒளிந்துகொண்டு அடக்கிய மூச்சு. தவக்காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமை, மாதாகோவில் நிலவறையில் மீன் வறுவல் விருந்து நடந்துகொண்டிருந்தபோது, அவள் இரண்டு தட்டுகளைத் தூக்கிக்கொண்டு மூச்சு வாங்க வந்தாள். சாப்பிட்டுக்கொண்டிருந்த முன்பின் தெரியாத ஒருவன் முள்கரண்டியைக் கீழே போட்டுவிட்டு எழுந்து நின்றான். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மூச்சைக் கேட்டே கண்டுபிடித்துவிட்டான். அவன் முகம் வெளுத்திருந்தது. செத்தவள் அவனுக்கு எலுமிச்சைத் துண்டு வைத்தாள்.

லென்னியின் படங்களுக்கு எழுதாத சட்டங்கள் சில உண்டு. வசனம் எழுதக் கூடாது. பேட்டரி தீர்கிறவரை நிறுத்தக் கூடாது. நடிக்கிறவர்கள் சொந்தப் பெயரிலேயே நடிக்க வேண்டும். "பொய்ப் பேர் வச்சா, கூப்பிட்டதும் திரும்புறதுக்கு அரை நொடி ஆகும். அந்த அரை நொடியில எல்லாம் போச்சு," என்பார். முடிவில் பெயர்கள் ஓடக் கூடாது என்பதுதான் எல்லாவற்றிலும் பெரிய சட்டம். "நடிச்சவங்க பேரைப் போட்டா, யாரும் சாகலன்னு தெரிஞ்சிடும்ல?"

சொந்தப் பெயர், சொந்த வீடு, சொந்த நிலவறை. அதனால்தான் ரெனாட்டா ஒப்புக்கொண்டாள் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

அவளுக்கு ஒரு தங்கை. பெர்னடெட். வீட்டில் பெர்னி. பத்தொன்பது வயதில் அப்பாவோடு சண்டை போட்டுக்கொண்டு, பனிக்காலத்தில் ஒரு பையோடு வெளியேறினாள். அதற்குப் பிறகு ஒரு வார்த்தை இல்லை. வயது வந்தவள், தானாகப் போயிருக்கிறாள், நாங்கள் தேடுவதற்கில்லை என்று போலீஸ் சொல்லிவிட்டது. அப்பா இறந்ததுகூட அவளுக்குத் தெரியுமோ தெரியாதோ.

"எந்த ஊர்னு தெரியாம எங்க போய்த் தேடுறது?" என்றாள் ரெனாட்டா என்னிடம். "ஆனா லென்னியோட கேசட்டு எங்கெல்லாமோ போகுது, மாடி." மாடியில் இருப்பதால் என் பெயரே மாடி ஆகிவிட்டது. "டெக்ஸஸ்ல இருந்து ஒருத்தன் எழுதுறான். அலாஸ்கால ஒரு மீன்பிடிப் படகுல போட்டுப் பாத்தாங்களாம். தபால்காரன் போகாத எடத்துக்கெல்லாம் போகுது. அவ எங்கயாவது ஒரு சோபால உக்காந்து பாக்க மாட்டாளா?"

அதனால் ஒவ்வொரு படத்திலும் தங்கைக்கு மட்டும் புரிகிற ஏதாவது ஒன்றை வைத்தாள். இரண்டு பேருமாய்ச் சின்ன வயதில் கட்டிய பாட்டை இருட்டில் முனகினாள். செத்துப்போன நாயின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். அப்பா பனியில் வழுக்கி விழுந்து, விழுந்த இடத்திலேயே உட்கார்ந்து பீர் கேட்ட கதையைக் கேமராவிடம் சொல்லி அழுதாள். லென்னிக்கு இதெல்லாம் கற்பனை என்று நினைப்பு. "இந்தப் பொம்பளைக்கு எங்கேர்ந்து வருது இதெல்லாம்!" என்று தொடையைத் தட்டிக்கொள்வார்.

மூன்றாவது படத்தில், சாவதற்கு முன்னால், "பெர்னி, இதைப் பாத்தா கூப்பிடு," என்று சொல்லி வீட்டுத் தொலைபேசி எண்ணையும் சொல்லிவிட்டாள்.

"அந்த நம்பர் பிரமாதம்!" என்றார் லென்னி. "எங்க புடிச்ச அதை?"

"சமையலறைச் சுவத்துல மாட்டியிருக்கு."

லென்னி வாயைப் பிளந்தார். "நெஜ நம்பரா? பைத்தியமா உனக்கு? அழிச்சிடறேன், இரு."

"அழிச்சா நான் வரமாட்டேன்."

கேசட் வெளியே போனது. தொலைபேசி அடிக்க ஆரம்பித்தது.

யாரும் பேச மாட்டார்கள். மூச்சு விடுவார்கள். அவளிடமிருந்து கற்றுக்கொண்ட மூச்சை அவளுக்கே திருப்பி விடுவார்கள். சிலர் முனகுவார்கள். சிலர் அந்தப் பாட்டைப் பாடுவார்கள். கல்லூரிப் பையன்கள் நான்கைந்து பேராகக் கூடிக்கொண்டு கூச்சல் போடுவார்கள். அவள் ஒவ்வொரு முறையும் ஓடிப்போய் எடுப்பாள். "பெர்னியா?" என்பாள். அந்தக் குரல் நடிப்பு இல்லை என்பதால் அவர்களுக்கு அது இன்னும் ருசித்தது. மறுபடி கூப்பிட்டார்கள்.

எண்ணை மாற்றச் சொல்லாத ஆள் இல்லை. வியாழக்கிழமைகளில் மாதாகோவில் நிலவறையில் பெண்கள் கூடி, மறுநாள் விற்பனைக்குப் பிரோகி கிள்ளுவார்கள். மாவை வட்டமாக வெட்டி, உருளைக்கிழங்கு வைத்து, விளிம்பைக் கிள்ளி மூடுகிற வேலை. நானும் போவேன். நம் கொழுக்கட்டைக் கை அங்கே செல்லுபடியானது.

"போன வாரம் உன்னை யாருடி கொன்னாங்க?" என்று கேட்பாள் டோலோரஸ் கோவாச், மாதாகோவில் சமையலின் தலைவி.

"சாத்தானே நேர்ல வந்துச்சு, டோலோரஸ்."

"வந்ததுதான் வந்துச்சு, ஒரு கல்யாணமாவது பண்ணிட்டுப் போகக் கூடாதா?"

சிரிப்பு அடங்கியதும் டோலோரஸ் குரலைத் தாழ்த்துவாள். "அந்த நம்பரை மாத்து, ரெனாட்டா. ராத்திரி உனக்குத் தூக்கமே இல்ல, கண்ணைப் பாரு."

"மாத்தினா அவ எந்த நம்பருக்குக் கூப்பிடுவா?"

வழி சொன்னது லென்னிதான். "அவனுங்களுக்கு வேண்டியது ஒரு ஆட்டம். ஆடிக் காட்டிட்டு வச்சிடு. கேட்டது கெடச்சா போயிடுவானுங்க. லைன் சும்மா இருக்கும். அவ கூப்பிட்டா கெடைக்கும்."

நியாயமாகத்தான் பட்டது. அன்று முதல் மூச்சு கேட்டால் போதும், ரெனாட்டா படத்தின் கடைசி வரியை அலறுவாள்: "வராதே! இந்த வீட்டுக்கு மட்டும் வராதே!" உடனே வைத்துவிடுவாள். வெங்காயம் நறுக்கிக்கொண்டே அலறுவாள். தொலைக்காட்சியில் பார்வையை வைத்துக்கொண்டே அலறுவாள். அலறிவிட்டு, "எங்க விட்டேன்?" என்று விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்வாள். எனக்குத்தான் ஒவ்வொரு தடவையும் பேச்சு எங்கே நின்றது என்பது மறந்துபோயிருக்கும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை. டோலோரஸின் பேத்தி கல்யாணத்துக்காக ரெனாட்டா பலகாரம் செய்துகொண்டிருந்தாள். இங்கே கல்யாணம் என்றால் உறவிலும் பழக்கத்திலும் உள்ள பெண்கள் ஆளுக்கொரு வகை பிஸ்கெட் சுட்டுக்கொண்டுவந்து ஒரு நீள மேசை முழுக்க அடுக்க வேண்டும். கேக் சுமாராக இருந்தாலும் மன்னிப்பார்கள், அந்த மேசை சுமாராக இருந்தால் மன்னிக்க மாட்டார்கள். நான் வால்நட் உடைத்துக்கொண்டிருந்தேன். தொலைபேசி அடித்தது. மாவுக் கையோடு எடுத்தாள். அந்தப்பக்கம் மூச்சு. அப்புறம் மெல்ல ஒரு பெண்குரல் ஏதோ சொன்னது.

"வராதே! இந்த வீட்டுக்கு மட்டும் வராதே!"

வைத்தாள். திரும்பி வந்து மாவை உருட்டினாள். "இந்தத் தடவை நல்லா வந்துச்சுல்ல?" என்றாள்.

கொஞ்ச நேரம் உருட்டினாள். பிறகு உருட்டுக்கட்டை நின்றது.

"மாடி."

"என்ன?"

"ரெரேன்னு கூப்பிட்டா."

"யாரு?"

"என் பேரு சின்ன வயசுல அவ வாய்க்கு வராது. ரெரேன்னுதான் கூப்பிடுவா." அவள் கை மேசையைப் பிடித்தது. "அந்தப் பேரு எந்தப் படத்துலயும் இல்ல. கூச்சமா இருந்துச்சுன்னு வைக்கவே இல்ல."

வந்த எண்ணுக்கே திரும்ப அழைக்கிற வசதி அப்போது உண்டு. அழுத்திப் பார்த்தாள். அந்த எண்ணை இப்படி அடைய முடியாது என்று பதிவுக் குரல் சொன்னது. மறுபடி அழுத்தினாள். தொலைபேசியின் பொத்தான்களெல்லாம் மாவு. அடுப்பில் இருந்தது கருகியது. தட்டை நான்தான் எடுத்து வெளியே வைத்தேன். இத்தனை படங்களில் தேடிய தங்கை கடைசியில் கூப்பிட்டாள், அவளிடம் வராதே என்று அலறியாகிவிட்டது. 

அதன்பின் ரெனாட்டா அலறவில்லை. யார் கூப்பிட்டாலும் முழுதாகக் கேட்பாள். "பெர்னி, நான் உயிரோடதான் இருக்கேன், அது வெறும் படம்," என்று மூச்சுவிடுகிறவர்களிடமெல்லாம் சொன்னாள். யோசிக்க யோசிக்க அவளுக்கு இன்னொன்றும் புரிந்தது. படத்தைப் பார்த்த தங்கை அதை நிஜம் என்றுதானே நினைத்திருப்பாள்? அதே பெயர், அதே வீடு, அதே நிலவறை, முடிவில் பெயர்ப்பட்டியலும் இல்லை. செத்துப்போன அக்காவின் எண்ணைச் சுழற்றியவளுக்கு அந்த அலறல் எப்படிக் கேட்டிருக்கும்?

லென்னியிடம் போனாள். "கடைசியா ஒரு படம். அதோட முடிவுல நான் மூஞ்சியைக் காட்டுவேன். இது நடிப்புன்னு சொல்வேன். எல்லார் பேரும் ஓடணும்."

லென்னி கல்லாவின் மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். "ஏம்மா, எட்டுப் படத்தையும் ஒரே அடில கொல்றியே! இதுக்கு என்னைக் கொன்னுடு."

"எட்டுப் படத்துல நான் செத்துட்டேன், லென்னி. ஒண்ணுல பொழைச்சிக்கிறேனே."

அவர் தலையை நிமிர்த்தி, கல்லாவுக்கு அடியிலிருந்து ஒரு புதுக் கேசட்டை எடுத்தார்.

சமையலறை மேசையில், பட்டப்பகலில், ஜன்னல் வெளிச்சத்தில் எடுத்தார்கள். "என் பேரு ரெனாட்டா ஹூடாக். பள்ளிக்கூடத்துல சாப்பாடு போடுறேன். எனக்கு ஒண்ணும் ஆகல. இந்த வீட்டுல பேயும் இல்ல. பெர்னி, அதே நம்பர்தான்." லென்னியும் வந்து பக்கத்தில் நின்று கேமராவுக்குக் கையை ஆட்டினார், கோவிலில் பிடிபட்ட திருடன் மாதிரி. பெயர்கள் ஓடின.

ஒன்பது படங்களில் அதுதான் மிகப் பயங்கரமானது என்று பார்த்தவர்கள் சொன்னார்கள்.

ஆமாம். யாருமே நம்பவில்லை. பேசும்போது அவள் கண் இடப்பக்கம் போய்ப் போய் வருகிறதே, அங்கே யாரோ நின்றுகொண்டு அவளை மிரட்டிச் சொல்ல வைக்கிறார்கள் என்று ரசிகர்கள் கண்டுபிடித்தார்கள். சுவரில் ஒரு நிழலும் விழுந்திருந்ததாம். அந்த நிழல் நான். காபி போட்டுக்கொண்டிருந்தேன். ஏதோ இணையக் குழுவில் அந்த நிழலுக்கு ஒரு பெயரே வைத்து, அதைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள் என்று லென்னி பெருமையோடு வந்து சொன்னபோது, என் காகிதங்கள் எல்லாம் சரியாக இருக்கின்றனவா என்று இழுப்பறையைத் திறந்து பார்த்துக்கொண்டேன்.

இப்போது கூப்பிடுகிறவர்களின் குரல் மாறியது. கேலி போய்க் கரிசனம் வந்தது. "கட்டாயப்படுத்தித்தானே சொல்ல வச்சாங்க?" என்று கிசுகிசுப்பார்கள். "ஆமான்னா ஒரு தடவை இருமுங்க." அந்தக் குளிர்காலத்தில் அவளுக்கு நிஜமாகவே சளி. ஒரு தடவை இருமிவிட்டாள். சிறிது நேரத்தில் வாசலில் போலீஸ் கார் நின்றது. இறங்கியவன் அவள் கையால் பள்ளிக்கூடத்தில் சாப்பிட்டு வளர்ந்தவன். "மன்னிச்சுக்கோங்க, மிஸ் ஹூடாக். ஓரிகன்ல இருந்து ஒருத்தர் அழுதுகிட்டே கூப்பிட்டார்," என்றான். ரெனாட்டா அவனுக்கு சூப் கொடுத்து அனுப்பினாள். கதவைச் சாத்தியபின் அதன்மேல் சாய்ந்து நின்றாள்.

"நான் உயிரோட இருக்கேன்னு சொன்னா நம்புறதுக்கு ஒரு ஆள்கூட இல்ல, மாடி. எனக்கே சில சமயம் சந்தேகமா இருக்கு."

இரண்டு குளிர்காலம் போனது. தவக்காலத்து வியாழன், பிரோகி கிள்ளிவிட்டு வெங்காய வாசனையோடு வந்து சமையலறையில் காலணியைக் கழற்றிக்கொண்டிருந்தோம். தொலைபேசி அடித்தது. கூச்சல் போடுகிறவர்களால் வந்த பழக்கம், ரிசீவரைக் காதிலிருந்து ஒரு சாண் தள்ளியே பிடிப்பாள். அதனால் எனக்கும் கேட்டது.

"யாரு பேசுறது?" என்றது ஒரு பெண்குரல்.

"ரெனாட்டா. நீ... பெர்னியா?"

"நீ யாருன்னு எனக்குத் தெரியல. போன தடவை நான் கூப்பிட்டப்ப கத்துன."

"அது நடிப்பு. பெர்னி, சத்தியமா, தினம் எவனாவது கூப்பிட்டு..."

"அந்த மேசைல உக்காந்தும் நடிப்புன்னுதான் சொன்ன. அதுவும் கேசட்டுதான். நீ ரெரேன்னா, கேசட்டுல இல்லாதது ஒண்ணு சொல்லு."

"அப்பா பனியில விழுந்து..."

"ரெண்டாவது படம்."

"நம்ம நாய். ப்ரூஸர்."

"அதுவும் இருக்கு."

"நம்ம பாட்டு. நீ மாடிப்படில இருந்து விழுந்து பல்லு ஒடைஞ்சது. அம்மா செத்தன்னிக்கு நம்ம ரெண்டு பேரும் அலமாரிக்குள்ள..."

"எல்லாம் இருக்கு. எல்லாத்தையும் கண்டவன்கிட்டயும் காட்டிட்ட." குரல் உடைந்தது. "எதையாவது மிச்சம் வச்சிருக்கியா இல்லையா?"

ரெனாட்டா என்னைப் பார்த்தாள். தங்கையைக் கூப்பிடுவதற்காக வீட்டில் இருந்ததையெல்லாம் ஒவ்வொன்றாய் எடுத்துச் சன்னலில் கட்டி ஆட்டிவிட்டாள். கடைசியில் தங்கை வந்து வாசலில் நிற்கிறாள், காட்ட ஒன்றும் இல்லை. ரிசீவரைக் கீழே இறக்கினாள். வைத்துவிடுவாளோ என்று நினைத்தேன். அவள் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டாள்.

"நீ போன மறுநாள் சாயங்காலம் திரும்பி வந்த," என்றாள். "பின்கதவைத் தட்டின. அப்பாதான் திறக்க விடலன்னு எல்லார்கிட்டயும் சொல்லியிருக்கேன். அப்பா அன்னிக்கு வீட்டுலயே இல்ல. கிளப்புல சீட்டாடிட்டு இருந்தாரு. நான் மட்டும்தான் இருந்தேன். கதவுக்கு இந்தப் பக்கம் நின்னுகிட்டே இருந்தேன், பெர்னி. நீ தட்டுறதை நிறுத்துற வரைக்கும்."

 

"தெரியும்," என்றது குரல். "கதவுக்கு அடியில உன் கால் தெரிஞ்சுது. செவப்பு சாக்ஸ்."

ரெனாட்டாவின் தோள் அசைந்தது.

"சரி. நீதான்," என்றாள் பெர்னி. "இப்ப சொல்லு. ஏன் திறக்கல?"

ரெனாட்டா காலால் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். எனக்குக் கையைக் காட்டினாள். நான் காலணியைக் கையில் எடுத்துக்கொண்டு படியேறிவிட்டேன். அவள் என்ன காரணம் சொன்னாள் என்று எனக்குத் தெரியாது, கேட்கவும் இல்லை.

பெர்னி இன்னும் வரவில்லை. எந்த ஊரில் இருக்கிறாள் என்றும் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமை கூப்பிடுகிறாள். ஒரு தடவை நம்பியது அவளுக்குப் போதவில்லை. ஒவ்வொரு வாரமும் முதலில் கேட்பது அதையேதான்: எந்தப் படத்திலும் இல்லாதது ஒண்ணு சொல்லு. சொன்னால் பேசுவாள். சொல்ல ஒன்றும் இல்லாத ஒரு வாரம், ரெனாட்டா தடுமாறிக்கொண்டிருந்தபோதே வைத்துவிட்டாள். அதிலிருந்து ரெனாட்டா வாரம் முழுக்கச் சேர்க்கிறாள். பள்ளிக்கூடத்தில் ஒருவன் பட்டாணியை மூக்கில் போட்டுக்கொண்டதை, ஆற்றில் பனிக்கட்டி விரிசல் விட்ட சத்தத்தை. அப்பாவைப் பற்றி இதுவரை சொல்லாத ஏதோ ஒன்றை நினைத்துக்கொண்டு, திங்கட்கிழமையே முகம் கறுத்துப்போய் உட்கார்ந்திருப்பதும் உண்டு.

போன வாரம் லென்னி புதிய சின்னக் கேமராவோடு வந்திருந்தார். பத்தாவது படத்துக்கு மனசை மாற்றலாம் என்று. டோலோரஸ் மாதாகோவிலில் பாதிரியாரின் தொப்பிமேல் உட்கார்ந்துவிட்ட கதையை ரெனாட்டா சொல்லிக்கொண்டிருந்தாள். சொல்லும்போதே அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பன்றிக்குட்டி மாதிரி மூக்கால் இழுத்து இழுத்து, கண்ணில் நீர் வரச் சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்து லென்னி பார்த்ததில்லை. பழக்கதோஷம், கேமராவைத் தூக்கினார்.

ரெனாட்டா எட்டி, லென்ஸைக் கையால் பொத்தினாள்.

"அதை எடுக்காதே, லென்னி. அது ஞாயித்துக்கிழமைக்கு."